மட்டையைக் கீழே வைத்த பிறகு



இந்த மாதப் பாடத்துக்கு ஒரு கிரிக்கெட்காரரை எடுத்திருக்கிறேன். "பாஸ்டர், சபைப் பத்திரிகையில் போய் கிரிக்கெட்டா?" என்று மூத்தவர்கள் சிலர் கேட்பீர்கள். கேளுங்கள். பவுல் கொரிந்து சபைக்கு எழுதும்போது ஓட்டப்பந்தயத்தையும் சிலம்பத்தையும் எடுத்துப் பேசினார். கொரிந்து பட்டணத்துக்குப் பக்கத்திலே இஸ்த்மியா என்கிற இடத்தில் இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை பெரிய பந்தயங்கள் நடக்கும். அந்த ஜனங்களுக்கு அதைச் சொன்னால் புரியும். நம்ம ஜனங்களுக்கு எதைச் சொன்னால் புரியும் என்று உங்களுக்கே தெரியும். அறுவடை முடிந்த வயலிலும், ஏரி வற்றினால் ஏரிக்குள்ளேயும் மூன்று குச்சியை நட்டு விடுகிற பசங்க உள்ள ஊர் இது.

இந்தப் பாடம் முக்கியமாய் யாருக்கு என்றால், தான் செய்த வேலையை இன்னொருவருக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டிய இடத்தில் இருக்கிறவர்களுக்கு. ஞாயிறு பள்ளி ஆசிரியர்கள், பாடல் குழுவை நடத்துகிறவர்கள், பட்டறையில் பையன்களை வைத்திருக்கிறவர்கள், தறி வைத்திருக்கிறவர்கள். எல்லாரையும்விட, பிள்ளை பெற்ற தகப்பன்மார்.

நம்ம ஊரில் பிறந்த ராதாகிருஷ்ணன் ஐயாவின் பிறந்த நாளை 1962 முதல் தேசமே ஆசிரியர் தினமாகக் கொண்டாடுகிறது. அன்றைக்குப் பள்ளிக்கூட வாத்தியாருக்குப் பேனா கிடைக்கும். மைதானத்தில் விசில் ஊதிக்கொண்டு நிற்கிறவருக்கு யாரும் எதுவும் கொடுத்து நான் பார்த்ததில்லை. அவரும் ஆசிரியர்தான். அப்படிப்பட்ட ஒருவருடைய சரித்திரத்தைத்தான் இப்போது பார்க்கப் போகிறோம்.

அவர் பேர் டபிள்யூ. வி. ராமன். சென்னைக்காரர். 1965-ம் வருஷம் மே 23-ல் பிறந்தவர்.

முதலில் பந்து, பிறகு மட்டை

ராமன் தமிழ்நாடு அணிக்குள் வந்தது பந்து வீசுகிறவராக. இடது கை சுழல் பந்து. மட்டை பிடிப்பது அவருக்கு இரண்டாவது வேலை. ஆனால் வருஷம் போகப் போக மட்டைதான் அவருடைய பிரதான வேலை ஆகிவிட்டது. இதைச் சாதாரணமாய் எண்ணாதேயுங்கள். ஒரு வேலைக்கென்று எடுத்துக்கொள்ளப்பட்ட மனுஷன், அந்த வேலையை விட்டு வேறொன்றில் மேலே வர வேண்டுமானால், முதலாவது வகுப்பிலிருந்து திரும்பவும் படிக்க வேண்டும். இருபது வயசில் அதைச் செய்தவர் அவர். பிற்காலத்தில் அவர் பயிற்சியாளர் ஆனதற்கு விதை இங்கேதான் விழுந்தது என்பது என் எண்ணம். கற்றுக்கொள்வது எவ்வளவு கஷ்டம் என்று அவருக்கு நினைப்பிருந்தது.

1988 ஜனவரி மாதம் சேப்பாக்கத்தில் வெஸ்ட் இண்டீஸுக்கு எதிரான டெஸ்ட். விவியன் ரிச்சர்ட்ஸ் தலைமையில் வந்த அணி. அதில்தான் ராமனுக்கு முதல் வாய்ப்பு. இரண்டாவது இன்னிங்ஸில் 83 ரன் எடுத்தார். சொந்த ஊர், முதல் ஆட்டம், எதிரே அப்படிப்பட்ட அணி. எந்தப் பையனுக்கும் ஆயுசுக்கும் சொல்லிக்கொள்ளப் போதுமானது. ஆனால் அந்த ஆட்டத்தை யாராவது ராமன் பேர் சொல்லி ஞாபகம் வைத்திருக்கிறார்களா? இல்லை. அதே ஆட்டத்தில்தான் நரேந்திர ஹிர்வானி என்கிற கண்ணாடி போட்ட வாலிபனும் முதன்முதலாய் ஆடினான். அவன் 16 விக்கெட்டுகளைச் சாய்த்தான். இந்தியா 255 ரன் வித்தியாசத்தில் ஜெயித்தது. ஹிர்வானி ஆட்டம் என்றே அதற்குப் பேர் நிலைத்துவிட்டது. நல்ல வேலை செய்த அன்றைக்கே பக்கத்தில் இருக்கிறவன் அதைவிடப் பெரிய வேலை செய்துவிட்டால் என்ன செய்வீர்கள்? இது பட்டறையிலும் நடக்கிறது, பாடல் குழுவிலும் நடக்கிறது.

அதே பருவத்தில், அதாவது 1987-88-ல், தமிழ்நாடு ரஞ்சிக் கோப்பையை ஜெயித்தது. அதற்கு முன் ஜெயித்தது 1954-55-ல். இடையில் முப்பத்துமூன்று வருஷம். அந்த அணியில் ராமன் இருந்தார். அதற்குப் பிறகு 2025 வரைக்கும் அந்தக் கோப்பை நம்ம மாநிலத்துக்குத் திரும்பவில்லை.

அடுத்த பருவம்தான் அவருடைய உச்சம். 1988-89-ல் ஒரே ரஞ்சிப் பருவத்தில் 1,018 ரன் எடுத்தார். பம்பாயைச் சேர்ந்த ரூசி மோடி 1944-45-ல் எடுத்த 1,008 ரன்தான் அதுவரை சாதனையாக இருந்தது. நாற்பத்து நாலு வருஷம் ஒருவரும் தொடாததைப் பத்து ரன்னில் தாண்டினார். கோவாவுக்கு எதிராக ஒரே இன்னிங்ஸில் 313.

தொண்ணூற்றாறு

இத்தனை செய்தவர் இந்தியாவுக்கு எத்தனை டெஸ்ட் ஆடினார் தெரியுமா? பதினொன்று. அவ்வளவுதான். 1988-ல் ஆரம்பித்து 1997 ஜனவரி வரைக்கும், ஒன்பது வருஷத்தில் 11 டெஸ்ட். மொத்தம் 448 ரன். சதம் ஒன்றுகூட இல்லை. 1990-ல் நியூசிலாந்தில் கிறைஸ்ட்சர்ச்சில் 96 எடுத்தார். அதுதான் அவருடைய அதிகபட்சம்.

நான்கு ரன், பிரியமானவர்களே. ஒரே ஒரு பவுண்டரி. உள்ளூரில் 313 அடித்த கைக்கு அங்கே நாலு ரன் கிடைக்கவில்லை.

ஒரு நாள் ஆட்டம் 27 ஆடினார். அதில் ஒரு சதம் உண்டு. 1992 டிசம்பரில் தென் ஆப்பிரிக்காவில் செஞ்சூரியன் மைதானத்தில் 114 ரன். நிறவெறிக் கொள்கையினால் உலகம் ஒதுக்கி வைத்திருந்த தேசம் அது. அந்தக் கதவு திறந்த பிறகு இந்திய அணி அங்கே போன முதல் பயணம். அந்த மண்ணில் ஒரு நாள் ஆட்டத்தில் சதம் அடித்த முதல் இந்தியர் ராமன்தான், டெண்டுல்கர் அல்ல, அசாருதீன் அல்ல. வினாடி வினா வைக்கிற தம்பிகள் குறித்துக்கொள்ளுங்கள். அந்த ஆட்டத்தில் இந்தியா ஜெயித்தது. ஆனால் தொடர் போய்விட்டது, அவருடைய இடமும் நிலைக்கவில்லை. உள்ளே, வெளியே, உள்ளே, வெளியே. கடைசியில் மட்டையைக் கீழே வைத்தார்.

இப்போது ஒரு கேள்வி. இப்படி, கைக்கு எட்டினது வாய்க்கு எட்டாமல் போன ஒரு மனுஷன், அடுத்த முப்பது வருஷத்தை எப்படிக் கழிப்பான்? கசப்போடு திண்ணையில் உட்காரலாம். நம்ம தெருவிலேயே பாருங்கள், "எனக்கு மட்டும் அன்னைக்கு ஒரு சான்ஸ் கொடுத்திருந்தா" என்று ஆரம்பிக்கிற அண்ணன்மார் எத்தனை பேர். ராமன் அந்தத் திண்ணையில் உட்காரவில்லை. சொல்லிக்கொடுக்கப் போனார்.

தெரிந்தவன் வேறு, தெரிவிக்கிறவன் வேறு

பொதட்டூர்பேட்டைப் பக்கம் தறிக்காரர்களைக் கேட்டுப் பாருங்கள். நாற்பது வருஷம் நெய்தவர், கண்ணை மூடிக்கொண்டு அறுந்த இழையை முடி போடுவார். மகனைப் பக்கத்தில் உட்கார வைத்து, "இப்படிப் போடுடா" என்பார். "எப்படிப்பா?" என்றால், "இப்படித்தான்!" என்று இன்னொரு தரம் போட்டுக் காட்டுவார். மகனுக்கு அந்த வேகத்தில் ஒன்றும் தெரியாது. மூன்றாவது தரம் தலையில் ஒரு குட்டு. அப்பாவுக்கு விரல் கற்றுக்கொண்டுவிட்டது. அது எப்படிக் கற்றுக்கொண்டது என்பது மறந்தே போய்விட்டது. பிறவியிலேயே திறமை உள்ளவர்கள் பல பேருக்குப் பயிற்சி கொடுக்க வராததன் காரணம் இதுதான். மற்றவனுக்கு ஏன் வரவில்லை என்பது அவர்களுக்குப் புரியாது. திணறித் திணறிக் கற்றவன் ஒவ்வொரு படியையும் எண்ணியிருப்பான்.

அமெரிக்காவில் பேஸ்பால் என்று ஒரு விளையாட்டு. நம்ம கிரிக்கெட்டுக்குத் தூரத்துச் சொந்தம் மாதிரி. மட்டை உருண்டையாக இருக்கும், பந்து தரையில் குத்தாமல் நேரே வரும். அதில் டாம் ஹவுஸ் என்று ஒரு பந்து வீச்சாளர். ஆட்டத்தில் பெரிய நட்சத்திரம் அல்ல. ஆனால் ஒரு விஷயத்தினால் அவர் சரித்திரத்தில் இடம் பெற்றார். 1974 ஏப்ரல் 8-ம் தேதி, ஹாங்க் ஆரோன் என்கிற கறுப்பின வீரர் தன்னுடைய 715-வது ஹோம் ரன்னை அடித்து, பேப் ரூத் என்பவருடைய பழைய சாதனையை முறியடித்தார். அந்தப் பந்து வேலிக்கு அப்பால் போய் விழுந்த இடத்தில், தன் முறைக்காகக் காத்திருந்த டாம் ஹவுஸ் அதைக் கையில் பிடித்தார். இன்னொருவர் அடித்த பந்தைப் பிடித்ததுதான் அவர் ஆட்ட வாழ்க்கையில் ஜனங்கள் நினைவில் வைத்த சம்பவம். அதே மனுஷன் பிறகு பந்து வீச்சுப் பயிற்சியாளர் ஆனார். டெக்சாஸ் ரேஞ்சர்ஸ் அணியில் நோலன் ரயன் என்கிற ஜாம்பவானுக்கே பயிற்சியாளராக இருந்தார்.

அதோடு நிற்கவில்லை. 2008-ல் நம்ம தேசத்தில் ஒரு போட்டி வைத்து, ஈட்டி எறிகிற இரண்டு உத்தரப் பிரதேசத்துப் பையன்களை அமெரிக்காவுக்குக் கூட்டிப்போனார்கள். ரிங்கு சிங், தினேஷ் படேல். பேஸ்பால் என்றால் என்ன என்றே தெரியாத பசங்க. அவர்களுக்கு அங்கே பந்து வீசக் கற்றுக்கொடுத்தவர் இந்த டாம் ஹவுஸ்தான். அதே வருஷம் நவம்பரில் பிட்ஸ்பர்க் பைரட்ஸ் என்ற பெரிய அணியின் நிர்வாகம் இருவரையும் ஒப்பந்தம் செய்தது. 2014-ல் இதைப் படமாகவும் எடுத்தார்கள். இசை நம்ம ஏ. ஆர். ரகுமான்.

பேஸ்பாலில் எனக்குப் பிடித்த ஒரு வழக்கம் உண்டு. அங்கே பயிற்சியாளரும் விளையாட்டுக்காரர் போடுகிற அதே சீருடையைப் போட்டுக்கொள்வார். எழுபது வயசானாலும் அதே சட்டை, முதுகில் எண். ஆட்டம் நடக்கும்போதே இரண்டு பயிற்சியாளர்கள் மைதானத்துக்குள் நின்று கையால் ஜாடை காட்டுவார்கள், "ஓடு", "நில்லு" என்று. கிரிக்கெட்டில் அது இல்லை. ஆட்டம் தொடங்கிவிட்டால் பயிற்சியாளர் கண்ணாடி ஜன்னலுக்குப் பின்னால் உட்கார வேண்டியதுதான். தண்ணீர் கொண்டு போகிற பையனிடத்தில் ஒரு வார்த்தை சொல்லி அனுப்பலாம். கபடியிலே கோட்டுக்கு வெளியே நின்று கத்துவார்களே, அந்தப் பாக்கியம்கூடக் கிடையாது. ஆகையால் கிரிக்கெட் பயிற்சியாளர் சொல்ல வேண்டியதை எல்லாம் முன்கூட்டியே சொல்லி முடித்திருக்க வேண்டும். பிள்ளையைப் பரீட்சை மண்டபத்துக்குள் அனுப்பிவிட்டு வேப்பமரத்தடியில் நிற்கிற தாய்மார் யாருக்கும் இதை விளக்க வேண்டியதில்லை.

இரண்டாவது ஓட்டம்

ராமன் தமிழ்நாட்டு அணிக்குப் பயிற்சியாளராக இருந்தார். வங்காள அணிக்குப் போனார். 2011-12 பருவத்தில் வங்காளம் விஜய் ஹசாரே கோப்பையை ஜெயித்தபோது பயிற்சியாளர் இவர்தான். கொல்கத்தா நைட் ரைடர்ஸ் அணிக்கு பேட்டிங் பயிற்சி கொடுத்தார். பெங்களூரில் உள்ள தேசிய கிரிக்கெட் அகாடமியில் பையன்களுக்குக் கற்றுக்கொடுத்தார். இதெல்லாம் சத்தமில்லாத வருஷங்கள். நான் விரித்துச் சொல்லப்போவதில்லை. சொல்ல வேண்டியது அதற்குப் பிறகு நடந்தது.

2018 நவம்பரில் பெண்கள் டி20 உலகக் கோப்பை, வெஸ்ட் இண்டீஸில். அரையிறுதியில் இங்கிலாந்துக்கு எதிராக, அணியிலேயே மூத்தவரான மிதாலி ராஜை ஆட வைக்கவில்லை. இந்தியா தோற்றது. உடனே சண்டை. பயிற்சியாளர் ரமேஷ் பவார் பேரில் மிதாலி கிரிக்கெட் வாரியத்துக்குக் கடிதம் எழுதினார். பவார் பதில் எழுதினார். எல்லாம் செய்தித்தாளில் வந்தது. வீராங்கனைகளில் சிலர் அந்தப் பக்கம், சிலர் இந்தப் பக்கம். நவம்பர் முடிவில் பவாரின் ஒப்பந்தம் முடிந்தது. இப்படிப் பிளந்து கிடந்த அணிக்குப் புதுப் பயிற்சியாளரைத் தேர்ந்தெடுக்கக் கபில் தேவ், அன்ஷுமன் கெய்க்வாட், சாந்தா ரங்கசாமி மூவரும் உட்கார்ந்தார்கள். 2011-ல் இந்தியாவுக்கு உலகக் கோப்பை வாங்கிக் கொடுத்த பயிற்சியாளர் கேரி கிர்ஸ்டன் அவர்கள் பட்டியலில் மேலே இருந்தார். ஆனால் அவர் பெங்களூர் ஐ.பி.எல். அணியின் வேலையை விட முடியாத நிலை. அடுத்து இருந்த ராமனுக்கு அந்தப் பொறுப்பு வந்தது. 2018 டிசம்பர்.

இரண்டாவது தெரிவு! ஆட்டக்காலத்தில் எப்படியோ, இங்கேயும் அப்படியே. ஆனால் அவர் வந்து நின்றார்.

ஒரு மாதத்துக்குள் நியூசிலாந்துப் பயணம். ஒரு நாள் தொடர் 2-1 என்று ஜெயித்தார்கள். டி20 மூன்றிலும் தோற்றார்கள். மிதாலியும் ஹர்மன்பிரீத் கவுரும் ஒரே அணியில் திரும்பவும் ஆடினார்கள். வெளியே இருந்து பார்க்கிற நமக்கு உள்ளே என்ன பேசினார் என்று சொல்ல முடியாது. ஆனால் முந்தின மாதம் வரை தினமும் வந்துகொண்டிருந்த சண்டைச் செய்தி அடங்கிவிட்டது என்பது எல்லாருக்கும் தெரிந்த விஷயம். வீட்டிலே இரண்டு மருமகள்களை வைத்துச் சமாளித்த மாமியார்களைக் கேளுங்கள், அது சின்ன வேலையா என்று.

2019 செப்டம்பரில் ஹரியானா ரோத்தக்கைச் சேர்ந்த ஷஃபாலி வர்மா என்ற பெண்ணுக்கு இந்திய அணியில் முதல் ஆட்டம். வயசு 15. பத்தாம் வகுப்புப் பிள்ளை. இரண்டு மாதத்தில் வெஸ்ட் இண்டீஸுக்கு எதிராக அரை சதம் அடித்து, அந்த வயசில் சர்வதேச அரை சதம் அடித்த இந்தியர் வரிசையில் டெண்டுல்கரையே முந்தினாள். ஓங்கி அடிக்கிற பிள்ளை. இப்படிப்பட்ட பிள்ளை கையில் கிடைத்தால் பயிற்சியாளர்கள் செய்கிற பெரிய தப்பு, உடனே திருத்த ஆரம்பிப்பது. காலை இங்கே வை, தலையை அங்கே வை என்று. நான்கு நாளில் பிள்ளை அடிக்கவே மறந்துபோகும். அவளோ 2020 உலகக் கோப்பையிலும் முதல் பந்திலிருந்தே அடித்து ஆடினாள். ஒன்றும் சொல்லாமல் விடுவதும் கற்றுக்கொடுப்பதில் சேர்ந்ததுதான். நம்ம தகப்பன்மாருக்கு இது கொஞ்சம் கஷ்டமான பாடம்.

மெல்பர்ன்

2020 பிப்ரவரி-மார்ச்சில் ஆஸ்திரேலியாவில் டி20 உலகக் கோப்பை. முதல் ஆட்டத்திலேயே ஆஸ்திரேலியாவை 17 ரன்னில் தோற்கடித்தார்கள். பூனம் யாதவ் என்கிற குள்ளமான பெண், மெதுவாய்ப் பந்தைத் தூக்கிப் போட்டே 4 விக்கெட் எடுத்தார். பிரிவில் நான்கு ஆட்டமும் வெற்றி. அரையிறுதியில் மழை, பிரிவில் முதலிடம் என்பதால் இந்தியா இறுதிக்குப் போனது. பெண்கள் டி20 உலகக் கோப்பையில் இந்தியா இறுதிக்கு வந்தது அதுவே முதல் தரம்.

மார்ச் 8, மகளிர் தினம். மெல்பர்ன் மைதானத்தில் 86,174 பேர். எதிரே அதே ஆஸ்திரேலியா. முதல் ஓவரிலேயே அலிசா ஹீலி கொடுத்த பிடியை ஷஃபாலி தவறவிட்டாள். ஹீலி அப்போது 9 ரன். அதற்குப் பிறகு அவர் 75 அடித்தார். ஆஸ்திரேலியா 184. பதிலுக்கு ஷஃபாலி 2 ரன்னில் அவுட். இந்தியா 99-க்கு எல்லாரும் அவுட். 85 ரன் வித்தியாசத்தில் தோல்வி.

பதினாறு வயசுப் பெண் அத்தனை ஆயிரம் பேர் முன்னால் கண்ணீர் விட்டதை உலகமே பார்த்தது. கண்ணாடிக்குப் பின்னால் இருந்த பயிற்சியாளர் கையில் மட்டையும் இல்லை, பந்தும் இல்லை.

அதற்குப் பிறகு கொரோனா. இந்தியப் பெண்கள் அணி அடுத்த சர்வதேச ஆட்டம் ஆடினது 2021 மார்ச் 7-ல். கணக்குப் போட்டுப் பாருங்கள், ஒரு வருஷத்துக்கு ஒரு நாள் குறைவு. ஆண்கள் அணிக்கு ஐ.பி.எல். நடந்தது, ஆஸ்திரேலியப் பயணம் நடந்தது. இவர்களுக்கு ஷார்ஜாவில் நான்கே ஆட்டம் கொண்ட ஒரு சின்னப் போட்டி, மற்றபடி வீட்டுக்குள்ளே. ஒரு வருஷம் ஓட்டாத சைக்கிளை எடுத்தால் செயின் துருப்பிடித்திருக்கும். லக்னோவில் தென் ஆப்பிரிக்காவிடம் ஒரு நாள் தொடர் 1-4, டி20 தொடர் 1-2 என்று போயிற்று.

2021 மே 13. பயிற்சியாளர் பதவிக்கு மறுபடி நேர்காணல் வைத்தார்கள். ராமனும் போனார். ஆனால் தெரிந்தெடுக்கப்பட்டது ரமேஷ் பவார். யார் போன இடத்துக்கு இவர் வந்தாரோ, அவரே திரும்பி வந்தார். உலகக் கோப்பை இறுதிவரை கொண்டுபோன மனுஷனுக்கு இது நியாயமா? என்னைக் கேட்டால், இல்லை என்றுதான் சொல்வேன். ஒரு வருஷம் விளையாட்டே கொடுக்காமல் வைத்துவிட்டு, அதற்கடுத்த தோல்வியை வைத்துக் கணக்குப் பார்ப்பது முறையல்ல. ராமன் வாரியத் தலைவர் கங்குலிக்கும், அப்போது அகாடமித் தலைவராயிருந்த டிராவிட்டுக்கும் ஒரு மின்னஞ்சல் அனுப்பினார். அது பத்திரிகைகளில் செய்தியானது. அணியைவிடத் தங்களைப் பெரிதாய் எண்ணுகிற போக்கைப் பற்றி அதில் எழுதியிருந்தார் என்று செய்தி. சொல்ல வேண்டியதை அதிகாரம் உள்ளவர்களிடத்திலேயே சொன்னார்.

அந்தப் பெண்கள் என்ன ஆனார்கள்

இந்தப் பகுதியை எழுதத்தான் இந்தப் பாடத்தையே எடுத்தேன்.

2023 அக்டோபரில் பெண்கள் அணிக்கு அமோல் மஜும்தார் பயிற்சியாளர் ஆனார். இவர் கதை ராமன் கதையைவிட உருக்கமானது. 1988 பிப்ரவரியில் பம்பாயில் பள்ளிக்கூட ஆட்டம் ஒன்றில் டெண்டுல்கரும் காம்ப்ளியும் சேர்ந்து 664 ரன் எடுத்தார்களே, அந்த ஆட்டத்தில் அடுத்ததாக இறங்க வேண்டிய பையன் இவர். காலில் பேட் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கூப்பிடவே இல்லை. பின்னால் ரஞ்சி முதல் ஆட்டத்திலேயே 260 ரன். முதல்தர ஆட்டங்களில் மொத்தம் 11,167 ரன், 30 சதம். இந்தியாவுக்கு ஒரு ஆட்டம்கூட ஆட வாய்ப்பு வரவில்லை. ஒன்றுகூட. ராமனுக்குப் பதினொன்றாவது கிடைத்தது.

2025-ல் ஒரு நாள் உலகக் கோப்பை நம்ம தேசத்தில் நடந்தது. அக்டோபர் 30 அரையிறுதி, ஆஸ்திரேலியா 338. ஜெமிமா ரோட்ரிக்ஸ் ஆட்டமிழக்காமல் 127 எடுத்து ஜெயிக்க வைத்தாள். நம்ம சபைப் பிள்ளைகள் அத்தனை பேரும் அன்றைக்குக் கைப்பேசியில் பார்த்திருப்பீர்கள். அழுதுகொண்டே இயேசுவுக்கு நன்றி சொன்னாள், அந்தப் போட்டி நடந்த நாட்களில் மனப்பதற்றத்தினால் தினமும் அழுததையும் மறைக்காமல் சொன்னாள். அதே ஜெமிமா 2020-ல் மெல்பர்னில் தோற்ற அணியிலும் இருந்தாள்.

அப்புறம் ஷஃபாலி. இந்த உலகக் கோப்பைக்கு அவளைத் தெரிந்தெடுக்கவே இல்லை. பிரத்திகா ராவல் காயப்பட்டதால் அரையிறுதிக்கு முன் அவசரமாய் அழைத்தார்கள். நவம்பர் 2, நவி மும்பையில் தென் ஆப்பிரிக்காவுடன் இறுதி ஆட்டம். ஷஃபாலி 87 ரன் அடித்தாள். பந்தும் வீசி 2 விக்கெட் எடுத்தாள். ஆட்ட நாயகி அவளே. 52 ரன்னில் இந்தியா ஜெயித்தது. மெல்பர்னில் 2 ரன்னில் அழுதுகொண்டு போன பெண்!

ஆட்டம் முடிந்ததும் தலைவி ஹர்மன்பிரீத் கவுர் ஓடிப்போய் மஜும்தாரின் காலைத் தொட்டார். அந்தப் படம் எல்லாப் பத்திரிகையிலும் வந்தது. அன்றைக்கு மைதானத்தில் நின்ற ஹர்மன்பிரீத், ஸ்மிருதி மந்தனா, தீப்தி சர்மா, ஜெமிமா, ஷஃபாலி, இவர்கள் எல்லாரும் 2020-ல் ராமன் கையில் இருந்தவர்கள். பாடலைக் கற்றுக்கொடுத்தது ஒருவர், பண்டிகை அன்று முன்னால் நின்று கை அசைத்தது இன்னொருவர் என்பது போல.

வாலிபர் கூடுகையில் இதை வாசித்த பிறகு பேசுவதற்குச் சில கேள்விகள். இந்தியாவுக்கு ஆடாதவர் இந்தியாவுக்குப் பயிற்சியாளர் ஆகலாமா? ஆகலாம் என்றால், பத்தாவது தாண்டாத அப்பா பிள்ளையின் படிப்பைக் கண்காணிக்கலாமா? ராமன் இடத்தில் நீங்கள் இருந்தால், 2021 மே மாதத்துக்குப் பிறகு அந்த அணி ஆடுகிற ஆட்டத்தைப் பார்ப்பீர்களா, தொலைக்காட்சியை அணைத்துவிடுவீர்களா? உண்மையைச் சொல்ல வேண்டும்.

மூத்தவர்கள் தனியாய்ப் பேச இன்னொன்று. உங்களுக்கு ஒரு வேலையைக் கற்றுக்கொடுத்து, அதன் பலனைப் பார்க்காமலே போன ஒருவர் பேரைச் சொல்லுங்கள். தறியோ, டிரைவிங்கோ, தையலோ, சமையலோ, எதுவானாலும். அவர் உயிரோடு இருந்தால், எந்த ஊரில் இருக்கிறார் என்று விசாரித்துக்கொண்டு வாருங்கள். நகரிப் பக்கமோ, புத்தூர்ப் பக்கமோ, பஸ் ஏறினால் போய்விடுகிற தூரத்தில்தான் பல பேர் இருப்பார்கள்.